வாசகர் கேள்வி – பதில்: ஊனத்தின் அளவும் உழைப்பின் இழப்பும்

இந்த மாதம் வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஓசூர், ஊத்தங்கரை, பாலக்கோடு, பென்னாகரம் பகுதிகளிலிருந்து வந்தவை. ஏறக்குறைய எல்லாமே ஒரே விஷயத்தைத்தான் கேட்கின்றன. வீட்டின் வருமானம் முழுவதும் ஒருவருடைய கையையும் காலையும் நம்பியிருக்கும் வயதில் அவை முடங்கிப்போனால், காப்பீடு என்ற பெயரில் உண்மையில் என்ன கிடைக்கும் என்பதே அது. ஆகவே இந்த இதழின் பக்கங்களை முழுவதுமாக அதற்கே ஒதுக்குகிறேன். எழுதியவர்களின் நலன் கருதிப் பெயர்களை வெளியிடவில்லை. 'ஊனம்' என்ற சொல்லைச் சட்டமும் காப்பீட்டுப் பத்திரங்களும் அப்படியே வைத்திருக்கும் இடங்களில் மட்டும் நானும் வைத்திருக்கிறேன். மனிதரைக் குறிக்கும் இடத்தில் மாற்றுத்திறனாளி என்பதே நம் மாநிலத்தில் நிலைபெற்ற சொல்.

கேள்வி: எனக்கு வயது 31. ஓசூர் சிப்காட் பகுதியில் ஒரு தொழிற்சாலையில் ஒப்பந்ததாரர் மூலம் பவர் பிரஸ் ஓட்டினேன். மாதச் சம்பளம் 15,000 ரூபாய். இரவு ஷிப்டில் வலது கையின் ஆள்காட்டி விரலும் நடுவிரலும் அடியோடு போய்விட்டன. வீட்டில் அடிபட்டதாக மருத்துவமனையில் சொல்லும்படி ஒப்பந்ததாரர் வற்புறுத்தினார், நான் மறுத்துவிட்டேன். இ.எஸ்.ஐ. எனப்படும் தொழிலாளர் ஈட்டுறுதித் திட்டத்தில் நான்கு மாதம் பணம் வந்தது. இப்போது மருத்துவ வாரியம் இழப்பு 20 சதவீதம் என்று கடிதம் அனுப்பியிருக்கிறது. சட்டைப் பொத்தானைக்கூட மனைவிதான் போட்டுவிடுகிறார். இது வெறும் 20 சதவீதம்தானா? வேறு வேலைக்குப் போனால் இந்தப் பணமும் நின்றுவிடுமா? (ஓசூர் வாசகர்)

பதில்: முதலில், நீங்கள் மறுத்தது எவ்வளவு பெரிய காரியம் என்பதைச் சொல்லிவிடுகிறேன். வீட்டில் அடிபட்டது என்று மருத்துவமனைச் சீட்டில் ஒரு வரி எழுதப்பட்டிருந்தால், உங்கள் காயம் சாதாரண நோயின் கணக்கில் போயிருக்கும். அதற்குக் கூலியில் 70 சதவீதம், அதுவும் ஆண்டுக்கு 91 நாள் மட்டுமே கிடைக்கும். அதைப் பெறுவதற்கும் ஆறு மாதப் பங்களிப்புக் காலத்தில் குறைந்தது 78 நாட்களுக்குச் சந்தா கட்டப்பட்டிருக்க வேண்டும். வேலையில் ஏற்பட்ட காயம் என்று பதிவானால் இந்த நிபந்தனை கிடையாது. வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே அடிபட்டிருந்தாலும், காயம் ஆறும்வரை சராசரி நாட்கூலியில் 90 சதவீதமும், அதன்பின் நிலைத்துவிட்ட இழப்புக்கு ஆயுள் முழுவதும் மாத உதவியும் உண்டு. ஒப்பந்ததாரர் உங்களிடம் கேட்டது இந்த ஆயுள்கால உரிமையை விட்டுக்கொடுக்கும்படிதான். ஒப்பந்தத் தொழிலாளிக்குச் சந்தா கட்டும் பொறுப்பு இறுதியில் தொழிற்சாலை உரிமையாளரையே சேரும் என்பதால், 'அவன் எங்கள் ஆள் இல்லை' என்று எவரும் கைகழுவ முடியாது.

அடுத்தது அந்த 20 சதவீதம். அது மருத்துவர்களின் மனம்போன மதிப்பீடு அல்ல. சட்டத்தின் அட்டவணையிலேயே விரல்களுக்குக் கணக்கு எழுதப்பட்டிருக்கிறது: ஆள்காட்டி விரல் முழுவதும் போனால் 14, நடுவிரல் முழுவதும் போனால் 12, ஒரே கையில் இரண்டு விரல்கள் போனால் 20, மூன்று போனால் 30, நான்கும் போனால் 50, கட்டைவிரல் ஒன்று மட்டும் போனாலே 30. வாரியம் அந்த வரியைப் பார்த்து எண்ணை எழுதியிருக்கிறது. ஆனால் அந்த எண் போன விரல்களுக்கு மட்டுமே உரியது. எஞ்சிய விரல்கள் எப்படி இருக்கின்றன என்பதை உங்கள் கடிதத்தில் ஒரு வாக்கியத்தில்கூடச் சொல்லவில்லை. பொத்தானைப் போட முடியவில்லை என்று எழுதியிருப்பதால் ஒரு சந்தேகம் எழுகிறது. பொத்தான் போடுவதற்குக் கட்டைவிரலோடு சேர இன்னொரு விரல் மடங்கினால் போதும். மோதிர விரலும் சுண்டுவிரலும் நன்றாக மடங்கினால், சில மாதப் பழக்கத்தில் பெரும்பாலானவர்கள் அதைச் செய்துவிடுகிறார்கள். உங்களால் இன்னும் முடியவில்லை என்றால் அந்த விரல்களும் இறுகிப்போயிருக்கலாம், அல்லது உள்ளங்கை நரம்பு பாதிக்கப்பட்டிருக்கலாம். அவை அட்டவணையின் அந்த ஒற்றை வரிக்குள் அடங்காத தனி இழப்புகள். எலும்பு மருத்துவரிடம் சென்று, ஒவ்வொரு விரலும் எத்தனை பாகை மடங்குகிறது, பிடியின் வலிமை எவ்வளவு, உணர்ச்சி எங்கே இல்லை என்பதை எழுத்தில் வாங்குங்கள். வாரியத்தின் முடிவு உங்களுக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் மருத்துவ மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்கோ, நேரடியாகத் தொழிலாளர் ஈட்டுறுதி நீதிமன்றத்துக்கோ மேல்முறையீடு செய்யலாம். அந்தக் கடிதம் வந்த உறையைப் பத்திரமாக வையுங்கள், தேதிக்கு அதுவே சாட்சி.

தொகையையும் தெரிந்துகொள்ளுங்கள். உங்கள் சராசரி நாட்கூலி 500 ரூபாய் என்றால், முழு ஊனத்துக்குரிய உதவி அதில் 90 சதவீதமான 450 ரூபாய். அதில் 20 சதவீதம் நாளுக்கு 90 ரூபாய், அதாவது மாதம் ஏறக்குறைய 2,700 ரூபாய். இது ஆயுள் முழுவதும் வரும். நீங்கள் வேறு வேலைக்குப் போனாலும், முன்பைவிட அதிகம் சம்பாதித்தாலும் நிற்காது. ஆகவே தயங்காமல் வேலை தேடுங்கள்.

இந்த இடத்தில் எல்லா வாசகர்களும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். ஒரே கைக்கு மூன்று வெவ்வேறு எண்கள் வரக்கூடும். இ.எஸ்.ஐ. வாரியம் சொல்வது சம்பாதிக்கும் திறனில் ஏற்பட்ட இழப்பு. மாற்றுத்திறனாளி அடையாள அட்டையில் இருப்பது உடலில் ஏற்பட்ட இழப்பு. தனியார் காப்பீட்டுப் பத்திரத்தின் அட்டவணை மூன்றாவது கணக்கு. உடலின் சதவீதத்தை அப்படியே பிழைப்பின் சதவீதமாக எடுத்துக்கொள்வது தவறு என்பதை உச்ச நீதிமன்றம் ராஜ்குமார் எதிர் அஜய் குமார் என்ற மோட்டார் வாகன விபத்து வழக்கில் விரிவாக விளக்கியிருக்கிறது. அதற்கு வெகுகாலம் முன்பே, பிரதாப் நாராயண் சிங் தேவ் எதிர் ஸ்ரீநிவாஸ் சபாதா வழக்கில், இடது கையை முழங்கைக்கு மேல் இழந்த ஒரு தச்சருக்கு 100 சதவீத இழப்பு என்று கணக்கிட்டதை அதே நீதிமன்றம் உறுதி செய்தது. ஒரு கை இருக்கிறதே என்று கேட்டவர்களுக்கு, ஒரு கையால் தச்சு வேலை செய்ய முடியாது என்பதே அங்கே பதிலாக அமைந்தது. இழப்பீடு தொடர்பான எந்த அலுவலகத்துக்குப் போனாலும், உங்கள் வேலை என்ன, அதில் எந்த விரல் என்ன செய்தது என்பதை முதல் பத்தியிலேயே எழுதுங்கள்.

கேள்வி: என் கணவருக்கு வயது 40. பெங்களூரில் சென்டரிங் வேலை பார்த்தார். 2025 ஆகஸ்டில் மூன்றாவது மாடியில் சாரம் சரிந்து கீழே விழுந்தார். முதுகுத்தண்டு அடிபட்டு இடுப்புக்குக் கீழே உணர்வில்லை. இ.எஸ்.ஐ. எதுவும் கிடையாது. மேஸ்திரி 60,000 ரூபாய் கொடுத்துவிட்டு, இனி எந்தக் கோரிக்கையும் இல்லை என்று முத்திரைத்தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டார். இனி ஏதாவது செய்ய முடியுமா? வழக்கு என்றால் பெங்களூருக்கு அலைய வேண்டுமா? (ஊத்தங்கரை வாசகி)

பதில்: சகோதரி, அந்த முத்திரைத்தாள் உங்கள் வழியை அடைக்கவில்லை. தொழிலாளி தன் இழப்பீட்டு உரிமையை விட்டுக்கொடுப்பதாக எழுதித்தரும் எந்த ஒப்பந்தமும் செல்லாது என்று 1923ஆம் ஆண்டின் பணியாளர் இழப்பீட்டுச் சட்டம் தெளிவாகச் சொல்கிறது. அதிகபட்சமாக அந்த 60,000 ரூபாயைக் கழித்துக்கொள்ளக் கேட்பார்கள், அவ்வளவுதான். இந்தச் சட்டமும் இ.எஸ்.ஐ. சட்டமும் 2025 நவம்பர் 21 முதல் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்புக்குள் சேர்க்கப்பட்டுவிட்டன. ஆனாலும் உங்கள் கணவரின் விபத்து அதற்கு முன்பே நடந்தது என்பதால் பழைய சட்டத்தின் கணக்கிலேயே எழுதுகிறேன்.

இடுப்புக்குக் கீழ் செயலிழந்த ஒரு சென்டரிங் தொழிலாளியின் நிலை, நிரந்தர முழு ஊனமாகவே கருதப்பட வேண்டியது. அதற்கு மாதக் கூலியில் 60 சதவீதத்தை, வயதுக்கென்று சட்டம் தந்திருக்கும் காரணி எண்ணால் பெருக்க வேண்டும். கூலி எவ்வளவாக இருந்தாலும் 2020 ஜனவரி முதல் கணக்குக்கு எடுத்துக்கொள்ளப்படும் உச்சவரம்பு 15,000 ரூபாய். 40 வயதுக்குரிய காரணி 184.17. ஆகவே 9,000 ரூபாயை 184.17 ஆல் பெருக்கினால் 16,57,530 ரூபாய் வருகிறது. உங்கள் கையில் தரப்பட்ட தொகையோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். இதற்கு மேல், சிகிச்சைக்கு உண்மையாகச் செலவான தொகையையும் முதலாளி தர வேண்டும். படுக்கைப் புண்ணுக்கான மருந்து, சிறுநீர்க் குழாய், நீர்ப்படுக்கை ஆகியவற்றின் ரசீதுகளை நம் குடும்பங்களில் பெரும்பாலும் தூக்கிப்போட்டுவிடுகிறோம், ஒன்றையும் எறியாதீர்கள். உரிய காலத்தில் தராவிட்டால் ஆண்டுக்கு 12 சதவீத வட்டியும், நியாயமான காரணம் இல்லாத தாமதத்துக்கு 50 சதவீதம் வரை அபராதமும் விதிக்க, இந்த மனுக்களை விசாரிக்கும் ஆணையருக்கு, அதாவது தொழிலாளர் துறை அதிகாரிக்கு, அதிகாரம் உண்டு.

மேஸ்திரியிடம் அவ்வளவு பணம் ஏது என்று நினைக்கலாம். கட்டடப் பணியை எடுத்து, அதன் ஒரு பகுதியை மேஸ்திரிக்குக் கொடுத்த நிறுவனமும் சட்டத்தின்படி பொறுப்பாளியே. மனுவில் இருவரையும் எதிர்மனுதாரர்களாகச் சேருங்கள். பெங்களூருக்கு அலைய வேண்டியதில்லை. விபத்து நடந்த இடத்தில் மட்டுமன்றி, மனுதாரர் வழக்கமாக வசிக்கும் பகுதிக்குரிய ஆணையரிடமும் மனு செய்யலாம். காலக்கெடு விபத்து நாளிலிருந்து இரண்டு ஆண்டுகள். பெண் என்ற முறையில் உங்களுக்கும், மாற்றுத்திறனாளி என்ற முறையில் அவருக்கும், வருமானம் எதுவாயினும் இலவச வழக்கறிஞர் உதவி பெறும் உரிமை 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டத்தில் இருக்கிறது. கிருஷ்ணகிரி மாவட்ட நீதிமன்றத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் ஒரு வெள்ளைத்தாளில் எழுதிக் கொடுத்தால் போதும்.

எதிர்தரப்பு முதலில் மறுக்கப்போவது, அவர் அங்கே வேலை செய்தார் என்பதையே. மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டு நகலில் 'வேலையிடத்தில் உயரத்திலிருந்து விழுந்தார்' என்று இருக்கிறதா என்று பாருங்கள். மேஸ்திரி கூலியைக் கைப்பேசி வழியாக அனுப்பியிருந்தால் வங்கியில் கணக்கு விவரம் வாங்குங்கள். அந்தக் கட்டடத்தில் எடுத்த ஒரு புகைப்படம், உடன் வேலை செய்த ஊர்க்காரர் ஒருவரின் சாட்சியம், ஏன், அந்த முத்திரைத்தாளின் நகல்கூட உங்களுக்குச் சாதகமான ஆவணம்தான். வேலை செய்யாதவருக்கு மேஸ்திரி எதற்காக 60,000 ரூபாய் கொடுத்தார்?

வழக்கு நடக்கும் காலத்தில் அடுப்பு எரிய வேண்டும். அவருக்கு உடனே மாற்றுத்திறனாளி அடையாள அட்டை வாங்குங்கள். தண்டுவடம் பாதிக்கப்பட்டவர்களுக்கு மாநில அரசு தரும் பராமரிப்பு உதவித்தொகை 2023-ல் மாதம் 2,000 ரூபாயாக உயர்த்தப்பட்டது. மாவட்ட ஆட்சியர் அலுவலக வளாகத்தில் உள்ள மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்தில் விண்ணப்பிக்கலாம். அவரை நேரில் தூக்கிக்கொண்டு வர முடியாத நிலையையும் விண்ணப்பத்தில் எழுதுங்கள்.

கேள்வி: வங்கிக் கணக்கில் ஆண்டுதோறும் 436 ரூபாயும் 20 ரூபாயும் பிடிக்கிறார்கள். தக்காளி ஏற்றும்போது டெம்போவிலிருந்து விழுந்து கால் முறிந்து ஐந்து மாதம் படுத்திருந்தேன். வங்கியில் ஒரு பைசாகூடக் கிடையாது என்கிறார்கள். (பாலக்கோடு வாசகர்)

பதில்: வருத்தத்துடன்தான் எழுதுகிறேன், வங்கி சொல்வது சரி. 436 ரூபாய் பிரதமர் ஜீவன் ஜோதி திட்டத்துக்குரியது. அது உயிரிழப்புக்கு மட்டுமான காப்பீடு. 20 ரூபாய் 2015-ல் தொடங்கிய பிரதமர் சுரக்ஷா திட்டத்துக்குரியது. அதில் விபத்தில் உயிரிழப்புக்கும், இரண்டு கண், இரண்டு கை, இரண்டு கால், அல்லது ஒரு கண்ணோடு ஒரு கையோ காலோ மீளமுடியாதபடி போனாலும் 2 லட்சம் ரூபாய். ஒரு கண் பார்வையோ, ஒரு கையோ, ஒரு காலோ அப்படிப் போனால் 1 லட்சம் ரூபாய். எலும்பு கூடி நீங்கள் நடக்கத் தொடங்கிவிட்டதால் உங்கள் ஐந்து மாதக் கூலி இழப்பு அதற்குள் வராது. ஆயினும் அந்த 20 ரூபாயை நிறுத்திவிடாதீர்கள். மே மாதக் கடைசியில் கணக்கில் பணம் இல்லாமல் போய், ஜூன் 1 முதல் காப்பீடு அற்றவர்களாக இருப்பவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

கேள்வி: சூளகிரியிலிருந்து ஓசூர் தொழிற்சாலைக்கு ஸ்கூட்டியில் போய் வருகிறேன். வயது 27, சம்பளம் 19,500 ரூபாய், இ.எஸ்.ஐ., பி.எஃப். உண்டு. நெடுஞ்சாலையில் தினமும் விபத்தைப் பார்க்கிறேன். நான் தனியாக ஏதாவது காப்பீடு எடுக்க வேண்டுமா? (சூளகிரி வாசகி)

பதில்: அடிபடுவதற்கு முன்பு எழுதியிருக்கும் ஒரே வாசகி நீங்கள்தான், மகிழ்ச்சி. வேலைக்குப் போகும்போதும் வேலை முடிந்து வீடு திரும்பும்போதும் நேரும் விபத்தை, நேரமும் இடமும் வேலையோடு பொருந்தினால், வேலையில் நேர்ந்த காயமாகவே இ.எஸ்.ஐ. ஏற்கும். விபத்து நடந்தால் அன்றே நிறுவனத்துக்குக் குறுஞ்செய்தியாவது அனுப்பச் சொல்லி வீட்டாரிடம் சொல்லிவையுங்கள். முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்கு மாநில அரசின் இன்னுயிர் காப்போம் திட்டம் இருக்கிறது. அது மருத்துவமனைச் செலவுக்கானது, சம்பளத்துக்கானது அல்ல.

உங்கள் சம்பளம் 21,000 ரூபாயைத் தாண்டினால், நடப்புப் பங்களிப்புக் காலம் முடிந்ததும், அதாவது மார்ச் அல்லது செப்டம்பர் கடைசியோடு, இ.எஸ்.ஐ.யிலிருந்து வெளியே வந்துவிடுவீர்கள். சம்பள உயர்வுக் கடிதத்தை வாங்கிய மகிழ்ச்சியில் பலரும் இதைக் கவனிப்பதில்லை. அந்த நாளுக்கு முன்பே தனிநபர் விபத்துக் காப்பீடு ஒன்றை எடுத்துவிடுங்கள். பத்திரத்தில் உயிரிழப்பு, நிரந்தர முழு ஊனம் ஆகியவற்றோடு, நிரந்தரப் பகுதி ஊனமும், தற்காலிகமாக வேலை செய்ய முடியாத வாரங்களுக்கான வாராந்திரத் தொகையும் இருக்கின்றனவா என்று படித்துப் பாருங்கள். கடைசியாகச் சொன்ன இரண்டும் இல்லாத பத்திரமே மலிவாக விற்கப்படுகிறது. பாலக்கோடு வாசகருக்கு உதவியிருக்கக்கூடியது அந்த வாராந்திரத் தொகைதான். இயந்திரத்தில் வேலை செய்கிறீர்கள் என்றால் விண்ணப்பத்தில் அலுவலக வேலை என்று முகவர் எழுத இடம் தராதீர்கள். நிறுவனம் கோரிக்கையை மறுத்து, உங்கள் எழுத்துப்பூர்வமான முறையீட்டுக்கும் ஒரு மாதத்தில் பதில் வராவிட்டால், சென்னையில் உள்ள காப்பீட்டுக் குறைதீர்ப்பாளரிடம் ஓராண்டுக்குள் கட்டணமின்றி முறையிடலாம்.

ஸ்கூட்டி யார் பெயரில் இருக்கிறது என்று நீங்கள் எழுதவில்லை. வண்டிக் காப்பீட்டோடு வரும் 15 லட்சம் ரூபாய் விபத்துக் காப்பீடு, வண்டியின் உரிமையாளரே ஓட்டும்போது, அவரிடம் செல்லத்தக்க உரிமம் இருந்தால் மட்டுமே செல்லும். வண்டி அப்பா பெயரிலோ கணவர் பெயரிலோ இருந்தால் அது உங்களைக் காப்பதில்லை. தினமும் ஓட்டுபவர் நீங்கள் என்றால் பதிவுச் சான்றை உங்கள் பெயருக்கு மாற்றிக்கொள்வது நல்லது. பி.எஃப். பக்கம் இன்னொன்று: பணியில் இருக்கும்போது நிரந்தர முழு ஊனம் ஏற்பட்டால், ஓய்வூதியத்துக்கு வழக்கமாகத் தேவைப்படும் 10 ஆண்டுப் பணி தேவையில்லை, ஒரு மாதச் சந்தா செலுத்தப்பட்டிருந்தாலே ஊன ஓய்வூதியம் உண்டு.

கேள்வி: என் அண்ணனுக்கு வயது 46. சிறு வயதிலிருந்து ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர்தான். பற்கள் பழுப்பேறி, இப்போது கழுத்தும் முதுகும் இறுகிவிட்டன. பின்னாலிருந்து கூப்பிட்டால் உடம்பையே திருப்பித்தான் பார்க்கிறார். குனிந்து களை எடுக்க முடியவில்லை. இவருக்கு எந்தக் காப்பீடு கிடைக்கும்? (ஏரியூர் வாசகர்)

பதில்: தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களுக்கு இந்தக் கேள்வி மிகவும் உரியது, இதற்கான பதில்தான் மிகவும் மெலிந்தது. நிலத்தடி நீரில் உள்ள ஃபுளோரைடு பல ஆண்டுகள் எலும்பில் படிந்து, மூட்டுகளையும் தசைநார்களையும் இறுக்கி, முற்றிய நிலையில் தண்டுவட நரம்பையும் அழுத்துகிறது. குடிநீரில் லிட்டருக்கு 1 மில்லிகிராம், வேறு வழியில்லாத இடத்தில் 1.5 மில்லிகிராம் என்பது இந்திய தர நிர்ணய அமைப்பின் வரம்பு. இந்தப் பாதிப்பைத் தடுக்கவே ஜப்பான் கடனுதவியுடன் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 2008-ல் அடிக்கல் நாட்டப்பட்டு 2013-ல் தொடங்கிவைக்கப்பட்டது. அதற்கு முன்பே எலும்பில் படிந்துவிட்டதை அந்தக் காவிரி நீரால் கரைக்க முடியவில்லை.

நான் மேலே எழுதிய காப்பீடுகளில் ஏறக்குறைய எல்லாமே 'எப்படி அடிபட்டது' என்றுதான் கேட்கின்றன. 'இனி வேலை செய்ய முடியுமா' என்று கேட்பதில்லை. கீழே விழுந்தவருக்கு ஒரு தேதி இருக்கிறது. 30 ஆண்டுகள் தண்ணீர் குடித்தவருக்குத் தேதி இல்லை, முதலாளி இல்லை, முதல் தகவல் அறிக்கையும் இல்லை. ஆகவே விபத்துக் காப்பீடு எதுவும் உங்கள் அண்ணனுக்குப் பொருந்தாது. இது நியாயமில்லை என்பதே என் கருத்து.

ஆனால் அடையாள அட்டை பெறும் வழி திறந்தே இருக்கிறது. 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தில் உள்ள 21 வகைகளில் ஃபுளோரைடு பாதிப்பு தனியாக இல்லை. கை, கால், முதுகின் இயக்கத்தில் ஏற்பட்ட குறைபாடு என்ற வகையில்தான் மதிப்பிடுவார்கள். அது 40 சதவீதத்தை எட்டி, வருவாய்த் துறையின் மற்ற நிபந்தனைகளும் பொருந்தினால், 2023-ல் 1,500 ரூபாயாக உயர்த்தப்பட்ட மாத ஓய்வூதியத்துக்கு விண்ணப்பிக்கலாம். அவர் முன்பு திருப்பூர், ஓசூர் போன்ற ஊர்களில் மில்லிலோ தொழிற்சாலையிலோ வேலை செய்திருந்தால், அதன் வழியே ஓய்வூதியம் ஏதும் கிடைக்குமா என்று பார்க்கப் பழைய பி.எஃப். எண்ணைத் தேடி எடுங்கள்.

தருமபுரி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு அவரை அழைத்துச் செல்லும்போது கழுத்து வலி என்று மட்டும் சொல்ல வேண்டாம். கழுத்து, முதுகு, இடுப்பு எலும்போடு முன்னங்கையையும் எக்ஸ்-ரே எடுக்கச் சொல்லுங்கள். முன்னங்கையின் இரண்டு எலும்புகளுக்கு நடுவிலுள்ள சவ்வு சுண்ணாம்பு படிந்து தெரிவது இந்த நோயின் முக்கிய அடையாளம். கால் மரத்துப்போகிறதா, நடை தடுமாறுகிறதா, சிறுநீர் கழிப்பதில் சிரமமா என்பதையும் சொல்லுங்கள். அப்படி இருந்தால் நரம்பியல் மருத்துவரும் பார்க்க வேண்டும், சதவீதமும் அதற்கேற்ப மாறும். கிணற்று நீரைத் தமிழ்நாடு குடிநீர் வடிகால் வாரியத்தின் ஆய்வகத்தில் கொடுத்துச் சோதித்த அறிக்கையையும் கோப்பில் சேர்த்துவிடுங்கள்.

வீட்டில் குழந்தைகள் இருந்தால் அந்தக் கிணற்று நீரைக் குடிக்கவும் சோறு வடிக்கவும் குழம்பு வைக்கவும் இன்றோடு நிறுத்துங்கள். காய்ச்சினால் சரியாகிவிடும் என்று சிலர் நம்புகிறார்கள். ஃபுளோரைடு ஆவியாகாது, நீர் வற்ற வற்ற அதன் செறிவு கூடவே செய்யும்.